கேம்பஸ் டிக்‌ஷனரி: கிளைக்கோசைடு - சர்க்கரைப் பூட்டு போட்ட இலை!

இந்த வாரம் நம்ம டிக்‌ஷனரியில வந்து மாட்டியிருக்கிற வார்த்தை 'கிளைக்கோசைடு'.

பார்மசி, பயோடெக் பார்ட்டிங்க எல்லாம் "இது எங்களுக்கு எப்பவோ முடிஞ்சுபோன சிலபஸ்"னு காலரைத் தூக்கி விட்டுக்கலாம். மெக்கானிக்கல், சிவில், பி.காம். மக்களே... அவசரப்பட்டுப் பக்கத்தைத் திருப்பிடாதீங்க! காலையில ஹாஸ்டல் சட்னியில தாளிச்ச கடுகு நாலாவது மிதந்துச்சா? அப்போ நீங்களும் கிளைக்கோசைடு சாப்பிட்டவங்கதான். தூத்துக்குடி துறைமுகத்துல இருந்து மூட்டை மூட்டையா இதுதான் கப்பல் ஏறுது. உங்க விங்ல யாரோ ஒருத்தர் 'ஒரே மாசத்துல ஸ்லிம்'னு நம்பி வாங்கி வெச்சிருக்கிற டீ பாக்கெட்டுக்குள்ளயும் இது ஒளிஞ்சிருக்கலாம். அந்த டீ மேட்டருக்குக் கடைசியில வர்றேன். முதல்ல அர்த்தம்.

பேரு இனிப்பு... ஆளு?

கிரேக்க மொழியில 'கிளைக்கிஸ்'னா இனிப்பு. குளுக்கோஸ், கிளைக்கோஜன் எல்லாம் அந்த வீட்டுப் பிள்ளைங்கதான். ஒரு சர்க்கரை மூலக்கூறும், சர்க்கரையே இல்லாத இன்னொரு மூலக்கூறும் கைகோத்து நின்னா, அந்த ஜோடிக்குப் பேரு கிளைக்கோசைடு. கை கோக்கும்போது நடுவுல ஒரு தண்ணி மூலக்கூறு கழண்டு போகும். திரும்பத் தண்ணியைக் கொடுத்துப் பிரிச்சா, ரெண்டும் தனித்தனி. சர்க்கரை இல்லாத அந்தப் பார்ட்டிக்கு 'அக்ளைக்கோன்'னு பேரு. நியாயத்துக்கு முன்னால 'அ' வந்தா அநியாயம் ஆகுதுல்ல? கிரேக்கத்துலயும் அதே கதைதான்.

செடி எதுக்கு இப்படி சர்க்கரையை வீணாக்குது? வீணே இல்லை. அந்த அக்ளைக்கோன் பல நேரம் முரட்டுப் பேர்வழி. தனியா விட்டா செடியோட செல்லையே பதம் பார்த்துடும். சர்க்கரையை மாட்டி விட்டா சாதுவாகி, தண்ணியில கரைஞ்சு, செல்லுக்குள்ள இருக்கிற ஸ்டோர் ரூம்ல அமைதியாப் படுத்துக்கும். சர்க்கரைதான் பூட்டு. அதைத் திறக்கிற சாவி, ஒரு நொதி. சாவியைச் செடி வேற ரூம்ல வெச்சிருக்கும். புழு வந்து இலையைக் கடிச்சா சுவர் இடியும், பூட்டும் சாவியும் சந்திக்கும், முரடன் வெளியே வருவான். புழு தலைதெறிக்க ஓட வேண்டியதுதான்!

டவுட் இருந்தா சமையல்கட்டுக்குப் போங்க. முழுக் கடுகை மோந்து பாருங்க, ஒண்ணும் இருக்காது. அரைச்சுத் துளி தண்ணி விடுங்க, உச்சந்தலை வரைக்கும் ஏறும். கடுகுக்குள்ள இருக்கிற சினிக்ரினோட பூட்டை, மைரோசினேஸ்ங்கிற நொதி திறந்துட்டதோட எஃபெக்ட் அது. (சினிக்ரின்ல சர்க்கரை கந்தகத்தோட கையைப் பிடிச்சிருக்கும். தூரத்துச் சொந்தம்னு வெச்சுக்கங்க.) அப்போ தாளிச்ச கடுகு மட்டும் ஏன் உறைக்கலை? கொதிக்கிற எண்ணெயில சாவியே உருகிப் போச்சு! ஆவக்காய் ஊறுகாய்ல கடுகைப் பொரிக்காம அப்படியே அரைச்சுப் போடுறாங்க பாருங்க, அதான் மூக்கைப் பிடிக்குது.

மரவள்ளிக் கிழங்குலயும் இதே டெக்னிக். ஆனா பூட்டைத் திறந்தா வர்றது சயனைடு. அதனாலதான் பாட்டிங்க அதை நல்லா வேகவெச்சு, வெந்த தண்ணியைக் கொட்டச் சொல்றாங்க. அவங்களுக்கு லினமரின்ங்கிற பேரு தெரியாது. ஆனா கெமிஸ்ட்ரி தெரியும்!

முத்து போச்சு... இலை போகுது!

தூத்துக்குடின்னா முத்து, உப்பு, மக்ரூன்... லிஸ்ட் இதோட நின்னுடும். முத்து விஷயத்துல உண்மை என்னன்னா, அரசாங்கம் நடத்துன கடைசி முத்துக்குளிப்பு 1961-லயே முடிஞ்சு போச்சு. வ.உ.சி. 1906-ல சுதேசிக் கப்பல் கம்பெனி ஆரம்பிச்ச ஊர் இது. துறைமுகம் 1974-ல பெரிய துறைமுகம்ங்கிற அந்தஸ்தை வாங்குச்சு. 2011-ல அவர் பேரையே அதுக்கு வெச்சாங்க. கண்டெய்னர், நிலக்கரி, உரம்னு ஆயிரம் சரக்கு ஓடுற இந்தத் துறைமுகத்துல, சத்தமே இல்லாம ரொம்ப காலமா ஏறிக்கிட்டிருக்கிற ஒரு இலை இருக்கு. பேரு சென்னா.

சென்னைக்கும் இதுக்கும் எந்தச் சம்பந்தமும் இல்லை மக்கா. அரபியில 'சனா'. சித்த மருத்துவத்துல நிலாவாரை, வடக்கே சோனாமுகி. விளாத்திகுளம், புதூர் பக்கத்துக் கரிசக்காட்டுல போய்க் கேட்டா 'அவுரி'. (இந்தப் பேர்ல ஒரு வில்லங்கம் இருக்கு, வர்றேன்.) சொந்த ஊர் அரேபியாவும் ஆப்பிரிக்காவோட கிழக்குக் கரையும். வெயில் பின்னுற, மழை கம்மியான பூமின்னா இதுக்குக் கொண்டாட்டம். நம்ம மாவட்டத்தைவிட வேற என்ன வேணும்?

உலக மருந்து மார்க்கெட்ல இதுக்கு ரெண்டு பிராண்ட் நேம். எகிப்துத் துறைமுகம் வழியாப் போனது அலெக்ஸாண்ட்ரியா சென்னா. நம்ம கரையில இருந்து போனது 'டின்னவெல்லி சென்னா', அதாவது திருநெல்வேலி சென்னா! தூத்துக்குடி 1986-ல தனி மாவட்டம் ஆகுற வரைக்கும் நெல்லையோடதானே இருந்துச்சு? மாவட்டம் பிரிஞ்சாலும் மருந்துப் புத்தகத்துல பேரு பிரியலை. லண்டன்ல பார்மசி படிச்ச பசங்க பல தலைமுறையா நம்ம ஊர் பேரைத் தப்புத் தப்பா உச்சரிச்சு பரீட்சை எழுதியிருக்காங்க. கேட்கவே ஜில்லுனு இல்ல?

"தம்பி, கையில எடுத்தா தெரிஞ்சிரும்!"

இந்த காலத்துக்காக ஒரு இலை வியாபாரியைப் போய்ப் பார்த்தேன். குடோன் முழுக்க சாக்கு. காய்ஞ்ச டீத்தூளும் வைக்கோலும் கலந்த மாதிரி ஒரு வாசனை.

"அண்ணாச்சி, நல்ல இலைன்னு எப்படிக் கண்டுபிடிப்பீங்க?"

"கையில எடுத்தா தெரிஞ்சிரும்லா தம்பி. பச்சையும் மஞ்சளுமா இருக்கணும். பழுப்புத் தட்டிட்டா ரேட்டு எறங்கிரும். மழையில நனைஞ்சிதுன்னா முடிஞ்சுது சோலி."

"வெளிநாட்டுக்காரனும் கலரைப் பார்த்துத்தான் வாங்குறானா?"

"அவன் எங்க கலரைப் பாக்கான்? லேப்ல குடுத்து பர்சன்டேஜுல்லா பாக்கான்!"

அந்த 'பர்சன்டேஜ்'தான் நம்ம வார்த்தை. சென்னோசைடுங்கிற கிளைக்கோசைடு எத்தனை சதவீதம் இருக்குங்கிறதை வெச்சுத்தான் சரக்கோட தரம். ஐரோப்பிய மருந்து நூலோட பல பதிப்புகள்ல, இலைன்னா குறைஞ்சது 2.5 சதவீதம், திருநெல்வேலிக் காய்னா 2.2 சதவீதம்னு பாஸ் மார்க் இருந்துச்சு. நூறு கிராம் இலையில ரெண்டரை கிராம்! மீதி எல்லாம் சும்மா தழைதான்.

இந்த சென்னோசைடைத் தனியாப் பிரிச்சுக் காட்டுனது 1941-ல. சுவிட்சர்லாந்து சாண்டோஸ் கம்பெனியில ஆர்தர் ஸ்டோலும் அவரோட டீமும். உள்ள என்ன இருந்துச்சு? ரெண்டு ஒரே மாதிரி மூலக்கூறு முதுகோட முதுகு ஒட்டி, ஆளுக்கு ஒரு குளுக்கோஸ் பூட்டு மாட்டிக்கிட்டு!

இதுல ஒரு சூப்பர் மேட்டர்... பச்சை இலையில இந்த ஜோடி பெரும்பாலும் இருக்கிறதே இல்லை. எல்லாம் ஒத்தை ஒத்தையாத்தான் இருக்கும். பறிச்ச இலை மிதமான சூட்டுல மெல்லக் காயும்போதுதான் ரெண்டு ரெண்டாச் சேர்ந்து சென்னோசைடு ஆகுது. அப்போ நிழல்ல இலையைப் பரப்பி, புரட்டிப் புரட்டிப் போடுற நம்ம அக்கா, ஆச்சி எல்லாம் யாரு? லேப் கோட் போடாத கெமிக்கல் இன்ஜினியருங்க!

சாவி உங்க வயித்துல!

கடுகுக்குச் சாவி கடுகுக்குள்ளயே இருந்துச்சு. சென்னோசைடுக்குச் சாவி எங்க தெரியுமா? உங்க பெருங்குடல்ல!

மாத்திரை இரைப்பை, சிறுகுடல் எல்லாத்தையும் டிக்கெட் எடுத்த பயணி மாதிரி இறங்காம கடந்து போகுது. சர்க்கரை மாட்டியிருக்கிறதால அதை ஒடம்பு உறிஞ்சுறது இல்லை. பெருங்குடல்ல வாசம் பண்ற பாக்டீரியாக்கள்தான் சர்க்கரையைக் கழட்டி, ஜோடியையும் பிரிச்சு விடுதுங்க. வெளிய வர்றவர் பேரு 'ரெயின் ஆந்த்ரோன்'. அவர்தான் ஹீரோ. குடலைத் தட்டி எழுப்பி நகர வெச்சு, தண்ணியை ஒடம்பு திரும்ப இழுத்துக்கிறதையும் குறைக்கிறார். ரிசல்ட் என்னன்னு நான் சொல்ல வேண்டியதில்லை!

இவ்வளவு தூரம் பயணம் இருக்கிறதாலதான் வேலை செய்ய 6 மணியில இருந்து 12 மணி நேரம் ஆகுது. ராத்திரி படுக்கும்போது போடுங்கன்னு டாக்டர் சொல்றதுக்குப் பின்னால இருக்கிற கணக்கு இதுதான்.

மலச்சிக்கலானு சிரிக்காதீங்க ப்ளீஸ். புற்றுநோய் முத்திப் போய் மார்ஃபின்ல வலியைத் தாங்கிக்கிட்டிருக்கிறவங்களுக்கு, அந்த மார்ஃபினே குடலைக் கட்டிப் போட்டுடும். அந்த அவஸ்தை வலியைவிடக் கொடுமைன்னு சொல்றவங்க உண்டு. உலக சுகாதார நிறுவனத்தோட அத்தியாவசிய மருந்துப் பட்டியல்ல சென்னா இருக்கிறதுக்கு இதுவும் ஒரு காரணம். கரிசக்காட்டு இலை ஒண்ணு, எங்கேயோ ஒரு ஆஸ்பத்திரிக் கட்டில்ல ஒருத்தருக்கு ஒரு நாளைக் கொஞ்சம் லேசாக்குது.

ரெண்டு அவுரி... ஒரே குழப்பம்!

இப்போ வில்லங்கத்துக்கு வருவோம். தமிழ்ல அவுரின்னா முதல்ல ஞாபகம் வர வேண்டியது நீலச் சாயம் கொடுக்கிற நீலிச் செடி. மருதாணி போட்ட பிறகு தலையில பூசுறாங்களே, அந்த அவுரிப் பொடி அதுதான். ரெண்டுமே அவரைக் குடும்பத்துச் செடி. ரெண்டுக்கும் சின்னச் சின்ன இலை. பொடியாக்கிட்டா ரெண்டும் பச்சை. பேரும் ஒண்ணுன்னா கேட்கணுமா?

கூத்து என்னன்னா, அந்த அவுரியிலயும் இருக்கிறது கிளைக்கோசைடுதான்! பேரு இண்டிகான். இலையைத் தண்ணியில ஊறப்போட்டா சர்க்கரை கழண்டு இண்டாக்சில் வெளிய வரும். தண்ணியைப் போட்டு அடிஅடின்னு அடிச்சா காத்து பட்டு அதுவும் ரெண்டு ரெண்டாச் சேர்ந்து நீலமாகும். அவுரிப் பொடியைத் தண்ணியில குழைச்ச கையோட தலைக்குப் போடணும்னு சொல்றது இதனாலதான். லேட் பண்ணா நீலம் எல்லாம் கிண்ணத்துலயே பிறந்துடும்!

1897-ல ஜெர்மனியோட பி.ஏ.எஸ்.எஃப். கம்பெனி செயற்கை நீலத்தை மார்க்கெட்டுக்குக் கொண்டுவந்தது. சாய அவுரியோட ராஜ்ஜியம் சரிஞ்சது. இன்னைக்கு உங்க ஜீன்ஸ்ல இருக்கிற நீலம் ஃபேக்டரி சரக்கு. மருந்து அவுரிக்கு அந்தக் கதி வரலை. சென்னோசைடை இன்னமும் செடியில இருந்துதான் பிரிச்செடுக்கிறாங்க. அதான் விளாத்திகுளத்துல இன்னும் விதைக்கிறாங்க.

ஸோ, நாட்டு மருந்துக் கடையில 'அவுரி குடுங்க'ன்னு மொட்டையாக் கேட்காதீங்க. 'தலைக்குப் போடுற நீலி அவுரி'ன்னோ, 'நிலாவாரை'ன்னோ சொல்லிக் கேளுங்க. தலைக்குப் போட வேண்டியது வயித்துக்குப் போனா... வேணாம், விடுங்க!

அந்த டீ மேட்டர்

எங்க ஹாஸ்டல்ல ஒருத்தன், கல்ச்சுரல்ஸுக்கு முன்னால 'ஸ்லிம்மிங் டீ' ஒண்ணை மூணு வாரம் விடாமக் குடிச்சான். வெயிட் மெஷின்ல ரெண்டு கிலோ கம்மியாச்சுன்னு ஒரே ஆட்டம். ராத்திரியில கெண்டைக்கால் பிடிச்சுக்கிட்டு கத்துனதும் அவன்தான். பாக்கெட்டைத் திருப்பிப் பார்த்தா பொடி எழுத்துல 'சோனாமுகி'. நம்ம நிலாவாரையேதான்!

இப்போ நீங்களே யோசிங்க. சாப்பாட்டுல இருக்கிற சத்தை ஒடம்பு பெரும்பாலும் உறிஞ்சுறது சிறுகுடல்ல. சென்னோசைடு வேலை செய்யுறது அதைத் தாண்டி பெருங்குடல்ல. அதாவது பரோட்டா கணக்கு செட்டில் ஆன பிறகுதான் இவர் டூட்டிக்கே வர்றார்! கொழுப்பு ஒரு கிராம்கூடக் கரையாது. போறது தண்ணியும் உப்பும். ரெண்டு சொம்பு தண்ணி குடிச்சா அந்த வெயிட் திரும்ப வந்துடும்.

தண்ணியோட பொட்டாசியமும் போகுது பாருங்க, அங்கதான் டேஞ்சர். தசை பிடிக்கும், சோர்வு தட்டும், ரொம்பக் குறைஞ்சா இதயத்துடிப்பே தாறுமாறாகும். தாத்தா பாட்டி யாராவது இதயத்துக்கு டிகாக்சின் சாப்பிடுறாங்களா? அதுவும் கிளைக்கோசைடுதான், டிஜிடாலிஸ் செடியோடது. பொட்டாசியம் குறைஞ்ச ஒடம்புல அந்த மருந்து விஷமா மாற வாய்ப்பு அதிகம். ஒரு கிளைக்கோசைடு இன்னொரு கிளைக்கோசைடுக்குக் குழி தோண்டுற கதை. அதனால வீட்டுல இருக்கிற பெரியவங்களுக்கு 'வயிறு சுத்தமாகும் பாட்டி'ன்னு சூரணத்தைக் கலக்கிக் கொடுக்கிறதுக்கு முன்னால டாக்டரைக் கேளுங்க.

ஒண்ணு ரெண்டு வாரத்துக்கு மேல டாக்டர் சொல்லாம சென்னா எடுக்கக் கூடாது. மாசக் கணக்கா எடுத்தா பெருங்குடலோட உள்சுவரே கறுத்துப் போகும் (நிறுத்துனா மெல்லச் சரியாகும்). கண்ணாடியில தன்னைப் பார்க்கவே பிடிக்காம, சாப்பிட்டதுக்குத் தண்டனை மாதிரி இதைக் குடிக்கிற ஃப்ரெண்டு உங்களுக்கு இருந்தா, கிண்டல் பண்ணாதீங்க. பக்கத்துல உட்கார்ந்து பேசுங்க. டாக்டர்கிட்ட கூட்டிட்டுப் போங்க. டீயைவிட அது பெரிய விஷயம்.

வார்த்தையை எப்படி யூஸ் பண்றது?

* கிளைக்கோசைடுங்கிறது குடும்பப் பேரு. மாட்டியிருக்கிற சர்க்கரை குளுக்கோஸா இருந்தா மட்டும் அதை 'குளுக்கோசைடு'ன்னும் சொல்லலாம். எல்லா குளுக்கோசைடும் கிளைக்கோசைடு; எல்லா கிளைக்கோசைடும் குளுக்கோசைடு கிடையாது. வைவாவுல இங்கதான் விக்கெட் விழும்!

* ஆல்கலாய்டு வேற. அதுல நைட்ரஜன் கண்டிப்பா இருக்கும், கார குணமும் இருக்கும். காபியோட கஃபீன் ஆல்கலாய்டு. தூத்துக்குடியில சென்னா கூடவே கப்பல் ஏறுற நித்தியகல்யாணியில இருக்கிறதும் ஆல்கலாய்டுதான். பச்சை தட்டுன உருளைக்கிழங்குல இருக்கிற சோலனின் மட்டும் ரெண்டு பக்கமும் கால் வைக்கிற பார்ட்டி. அதுக்குப் பேரு கிளைக்கோ ஆல்கலாய்டு.

* பேரு 'ஓசைடு'ன்னு முடிஞ்சா கிளைக்கோசைடான்னு சந்தேகப்படுங்க. சென்னோசைடு, சீனித்துளசியில இருக்கிற ஸ்டீவியோசைடு... ஆனா சினிக்ரின், லினமரின் மாதிரி 'இன்'னு முடியுறதும் நிறைய. பேரை மட்டும் நம்பாதீங்க.

* 'இனிப்பு'ன்னு அர்த்தம் இருக்கே, சுகர் ஏறுமா? கணக்கு போட்டேன். 15 மில்லிகிராம் சென்னோசைடுல இருந்து கழண்டு வர்ற குளுக்கோஸ் சுமார் 6 மில்லிகிராம். ஒரு டீஸ்பூன் சர்க்கரை சுமார் 4 கிராம், அதாவது 4,000 மில்லிகிராம். ரிலாக்ஸ்!

* 'கிளைக்கோசைடு நல்லதா, கெட்டதா?' தப்பான கேள்வி. பூட்டுக்குள்ள யாருங்கிறதுதான் கேள்வி. ஸ்டீவியாவுல இனிப்பு. அரளியில இதயத்தை நிறுத்துற விஷம். திருவிதாங்கூர் தேவஸ்வம் போர்டு 2024 மே மாசம் நைவேத்தியத்துல அரளிப்பூ வேண்டாம்னு முடிவெடுத்ததும் இதனாலதான். 'செடியில இருந்து வந்தது, ஒண்ணும் செய்யாது'ன்னு யாராவது சொன்னா அரளியை ஞாபகப்படுத்துங்க.

கடைசியா ஒரு பிட்டு

கலரைப் பார்த்து விவசாயிகிட்ட வாங்குறாங்க, பர்சன்டேஜைப் பார்த்து வெளிநாட்டுல விக்கிறாங்க. ரெண்டுக்கும் நடுவுல இருக்கிற இடைவெளியில விவசாயி நிக்கிறார். தன்னோட இலையில எத்தனை சதவீதம்னு தெரியாம விலை பேசுறவர், மார்க் ஷீட்டே பார்க்காம இன்டர்வியூவுக்குப் போற மாதிரி. சரியாக் காயவெச்சாத்தான் சென்னோசைடு கூடும். மழை வந்தா சாக்கோட போச்சு. நம்ம மாவட்டத்துலயே கிள்ளிகுளம் வேளாண் கல்லூரி இருக்கு. 'கே.கே.எம். 1'னு ஒரு சென்னா ரகமே அந்த ஊரு பேர்லதான் இருக்கு. விதைக்கு ஆள் இருக்காங்க. காயவைக்கிறதுக்கு?

ஃபைனல் இயர் மக்களே, கறுப்புக் கோட்டுல ஓடுற ரோபோவை இன்னும் எத்தனை பேட்ச் செய்யப் போறீங்க? மழையில நனையாம, சூடு எல்லை தாண்டாம இலையைக் காயவைக்கிற சின்ன சோலார் டிரையர் ஒண்ணு செய்ங்க. சென்சார் இருக்கு, ஃபேன் இருக்கு, வெயிலுக்கு இந்த ஊர்ல பஞ்சமே இல்லை. எனக்கும் அடுத்த வருஷம் புராஜெக்ட் இருக்கு. டீம்ல ரெண்டு இடம் காலி!

அடுத்த வாரம் வேற வார்த்தையோட வர்றேன். அதுவரைக்கும் பாக்கெட்டைத் திருப்பிப் பின்னாடி இருக்கிற பொடி எழுத்தைப் படிங்க மக்கா!